பாறையில் காய்ந்த கப்பல் கொடிகள்

ஆடு மேய்த்துக்கொண்டு வந்த ஓர் அம்மாள் பாறையின் அடியில் நின்று, கண்ணுக்கு மேல் கையைக் குடையாக்கிக்கொண்டு எங்களைப் பார்த்தாள். மேலே நாங்கள் ஏழெட்டுப் பெண்கள் குனிந்து நிமிர்ந்துகொண்டிருந்தோம். எங்களைச் சுற்றிப் பாறை முழுக்கக் கொடிகள். சிவப்பு, மஞ்சள், நீலம், வெள்ளை, கறுப்பு. கட்டம் போட்டது, கோடு போட்டது, மீன்வால் மாதிரி நுனி வெட்டியது.

"எந்தக் கட்சிம்மா இது? எலெக்‌ஷன் வருதா?" என்று கேட்டாள்.

"கட்சி இல்லம்மா. கப்பல் கொடி" என்றாள் என்னோடு வேலை செய்யும் முனியம்மா.

அந்த அம்மாள் சுற்றுமுற்றும் பார்த்தாள். மாந்தோப்பு. அதைத் தாண்டி ரோடு. அதையும் தாண்டி மலை. "கப்பலா" என்று மட்டும் சொல்லிவிட்டு ஆடுகளை ஓட்டிக்கொண்டு போய்விட்டாள். எந்த மாதிரி ஆட்களிடம் வாய் கொடுக்கக் கூடாது என்று தெரிந்தவள்.

கிருஷ்ணகிரிக்குப் பக்கத்தில், என் தங்கை கௌரி வீட்டு மாந்தோப்பை ஒட்டிய பாறை அது. ஆடி மாதம். வெறுங்காலை வைத்தால் கொப்புளம் போடுகிற வெயில். அந்த வெயிலைத் தேடித்தான் ஓசூரிலிருந்து டெம்போ பிடித்து வந்திருந்தோம்.

கடலுக்கும் எங்களுக்கும் உள்ள முடிச்சு

ஓசூரில் என் தையல் யூனிட் தொடங்கிய கதையைப் போன வாரம் எழுதியிருந்தேன். படித்துவிட்டு ஒரு வாசகி கேட்டிருக்கிறார்: "ஃபேக்டரி மெஷின்களுக்கு உறை தைத்தீர்கள், தொழிலாளர்களுக்கு மினுங்கும் ஜாக்கெட் தைத்தீர்கள், சரி. போகிற போக்கில் 'கப்பலுக்கும் தைத்தோம்' என்று ஒரு வரி வருகிறதே, அது என்ன?" மொட்டைத் தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போடுகிறேன் என்று நினைத்திருப்பார். அம்மா, இந்த முடிச்சை நாங்கள் எங்கள் கையால் போட்டோம்.

ஜாக்கெட் ஆர்டர் கொடுத்து வந்த கம்பெனி வேறு இடம் பார்த்துக்கொண்டது. எங்கள் மெஷின்கள் சும்மா கிடந்தன. அந்தச் சமயத்தில், கப்பல்களுக்குச் சாமான் சப்ளை செய்யும் சென்னை வியாபாரி ஒருவர், சிக்னல் கொடி தைத்துத் தர முடியுமா என்று ஃபோனில் கேட்டார். "முடியும் சார்" என்றேன். சிக்னல் கொடி என்றால் என்ன என்று பிறகுதான் விசாரித்தேன். சிறுதொழிலில் இதுதான் வரிசை.

ஒரு செட்டுக்கு நாற்பது கொடி. இங்கிலீஷ் எழுத்து ஒவ்வொன்றுக்கும் ஒன்று, எண் ஒவ்வொன்றுக்கும் ஒன்று, மிச்சம் உதிரி. மொத்தமாகத் தைத்து அனுப்பும் முதல் லாட் பாஸானால் தொடர்ந்து வேலை தருவதாக வியாபாரி சொன்னார். பாஸாகாவிட்டால் யூனிட்டைப் பூட்ட வேண்டியதுதான். எங்கள் பெண்கள் எல்லாரும் விடிகாலையில் கம்பெனி பஸ்ஸுக்கு ரோட்டோரம் நிற்க வேண்டும். அவர்களுக்குப் பக்கத்தில் நானும் நிற்க வேண்டும்.

கேப்டன் சார்

வியாபாரியின் சார்பில் தரம் பார்க்க வந்தவர் மாசிலாமணி. கடற்படையில் சிக்னல்காரராக இருந்து ஓய்வு பெற்றவர். தான் கேப்டனாக ஒருநாளும் இருந்ததில்லை என்று முதல் நாளே தெளிவாகச் சொன்னார். அதனாலேயே எங்கள் பெண்கள் அவருக்குக் 'கேப்டன் சார்' என்று பெயர் வைத்துவிட்டார்கள். ஒல்லியான உடம்பு, மடிப்புக் கலையாத பேன்ட், சிரிப்பெல்லாம் வேறு டிபார்ட்மென்ட் என்பது போன்ற முகம்.

ஆனால் கொடியைப் பற்றி ஆரம்பித்தால் மனிதர் நிறுத்த மாட்டார். மதியச் சாப்பாட்டு நேரத்தில் நாங்கள் டிபன் பாக்ஸைத் திறந்தால் அவர் வாயைத் திறப்பார்.

ரொம்பப் பழைய காலத்தில், பாய்மரக் கப்பல்களில், எழுத்துக்கு ஒரு கொடி என்பதெல்லாம் கிடையாதாம். இருந்த இரண்டு மூன்று கொடிகளை வைத்தே பேசியிருக்கிறார்கள். ஒரே கொடி இந்தப் பாய்மரத்தில் பறந்தால் ஓர் அர்த்தம், அந்த மரத்தில் பறந்தால் இன்னொன்று. தளபதி கப்பலில் குறிப்பிட்ட இடத்தில் கொடி ஏறினால், மற்ற கப்பல் தலைவர்கள் எல்லாரும் படகு பிடித்துக் கூட்டத்துக்கு வந்துவிட வேண்டும்.

பிற்பாடு எண்களுக்குக் கொடி வந்தது. கூடவே ஒரு புத்தகம். இந்த எண்ணுக்கு இந்தச் சொல் என்று அதில் இருக்கும். புத்தகத்தின் அட்டையில் ஈயம் வைத்திருப்பார்களாம். எதிரி கையில் கப்பல் சிக்கினால் தூக்கிக் கடலில் எறிவதற்கு. ஈயம் அதை மிதக்க விடாது.

அந்தக் காலத்து இங்கிலீஷ் தளபதி ஒருவர், பெரிய சண்டைக்கு முன்னால் தன் கப்பல்களுக்கு ஒரு சேதி சொல்ல நினைத்தாராம். ஒவ்வொருவரும் தன் கடமையைச் செய்வார் என்று நாடு நம்புகிறது, என்பது சேதி. சிக்னல் அதிகாரி வந்து, "ஐயா, 'நம்புகிறது' என்ற சொல் புத்தகத்தில் இல்லை, எழுத்துக் கூட்டி ஏற்றினால் நேரமாகும். 'எதிர்பார்க்கிறது' என்று போட்டுக்கொள்ளலாமா? அது புத்தகத்தில் இருக்கிறது" என்றாராம். தளபதியும் சரியென்றுவிட்டார்.

எனக்கு இதில் ஆச்சரியமே இல்லை. எங்களுக்கு ஆர்டர் கொடுப்பவர்கள் எல்லாரும் அந்தப் புத்தகத்தைத்தான் வைத்திருக்கிறார்கள். எதிர்பார்ப்பு உடனே வந்துவிடும். நம்பிக்கை வருவதற்குத்தான் நாளாகும்.

பிறகு வியாபாரக் கப்பல்களுக்கென்று ஒரு பொதுக் கொடிப் பாஷை உண்டாகி, உலகம் முழுக்கப் பரவியதாம். ஒருவர் பேச்சு ஒருவருக்குப் புரியாத இரண்டு கப்பல்கள்கூட நடுக்கடலில் விசாரித்துக்கொள்ளலாம். கேப்டன் சார் இதை அதிசயமாகச் சொன்னார். எங்களுக்கு அது அதிசயமாகப் படவில்லை. எங்கள் யூனிட்டில் முனியம்மா தெலுங்கில் திட்டுவாள், டெம்போ டிரைவர் நாகராஜ் கன்னடத்தில் பதில் சொல்வான், நடுவில் நான் தருமபுரித் தமிழில் தீர்ப்புச் சொல்வேன். கொடியில்லாமலே குடும்பம் நடத்துகிறோம்.

நீளமான கொடி ஒன்றுண்டு, சிவப்பும் வெள்ளையுமாகப் பட்டை போட்டது. பதில் சொல்வதற்கு. எதிர்க் கப்பலின் சிக்னல் கண்ணில் பட்டதும் அதைப் பாதிக் கம்பம் வரை ஏற்றுவார்கள். அர்த்தம் புரிந்த பிறகுதான் உச்சிக்கு ஏற்றுவார்கள். இதைக் கேட்டதிலிருந்து வீட்டில் என் கணவர் நான் சொன்னதற்கெல்லாம் "உம்" கொட்டும்போது, "பாதிக் கம்பம்" என்று சொல்லிவிட்டு மறுபடி முதலிலிருந்து ஆரம்பிப்பேன். நல்ல மனிதர். இந்த முப்பது வருஷத்தில் அவர் உச்சி வரை ஏற்றியது சாப்பிடக் கூப்பிட்டபோது மட்டும்தான்.

நல்ல சேதி உண்டா?

ஒருநாள் முனியம்மா ஒரு கொடியைத் தூக்கிக் காட்டினாள். மூலைக்கு மூலை கோணலாகப் பாதி சிவப்பு, பாதி மஞ்சள்.

"இது என்னா சார் சொல்லுது?"

"கடல்ல ஆள் விழுந்துட்டான்."

இஸ்திரி மேஜையில் சத்தம் நின்றது. அங்கே தேய்த்து மடித்துக்கொண்டிருந்தவள் முத்துலட்சுமி. திருச்செந்தூருக்குத் தெற்கே கடற்கரை ஊர்க்காரி. இங்கே ஃபேக்டரியில் வேலை பார்க்கும் தம்பி குடும்பத்தோடு வந்து இருந்தாள். அவள் கணவன் சரக்குக் கப்பலில் டெக் வேலைக்காரன். கப்பல் ஏதாவது துறைமுகத்தைத் தொட்டால்தான் அவனிடமிருந்து ஃபோன் வரும்.

முனியம்மாவுக்கு இதெல்லாம் உறைக்கவில்லை. அடுத்ததை எடுத்தாள். "இது?"

"டாக்டர் வேணும்."

"இந்தச் செகப்பு வெள்ளைக் கட்டம்?"

"நீங்க ஆபத்தை நோக்கிப் போறீங்க."

"என்னா சார் இது, நல்ல சேதி ஒண்ணுகூட கெடையாதா?"

"நல்லா இருக்கறவன் எதுக்கும்மா கொடி ஏத்தறான்?" என்றார் கேப்டன் சார். பிறகு கொஞ்சம் யோசித்து, "ஒண்ணு இருக்கு" என்று முழு மஞ்சள் கொடியை எடுத்தார். ஒரு காலத்தில் மஞ்சள் கொடி பறந்தால் அந்தக் கப்பலில் தொற்றுநோய் என்று அர்த்தமாம். யாரும் கிட்டே போக மாட்டார்கள். இப்போது அது தலைகீழ். எங்கள் கப்பலில் எல்லாரும் ஆரோக்கியம், கரைக்கு வர அனுமதி கொடுங்கள் என்று அர்த்தம்.

"மஞ்சளப் போயி நோய்க்கா வச்சிருந்தானுவ?" என்றாள் முத்துலட்சுமி. அன்று அவள் பேசியது அவ்வளவுதான்.

"வெள்ளக்காரனுக்கு என்னா தெரியும்? அப்புறமாத்தான் புத்தி வந்திருக்குது" என்றாள் முனியம்மா.

ரேடியோ, சேட்டிலைட் எல்லாம் வந்துவிட்டாலும் கப்பலில் கொடிப்பெட்டி இருந்தே ஆக வேண்டுமாம். கரண்ட் போனாலும் காற்று போகாது என்றார் கேப்டன் சார். எங்களுக்கு வேலை கொடுக்க வேண்டும் என்று கடலுக்கே எண்ணம் இருந்திருக்கிறது என்று நான் நினைத்துக்கொண்டேன்.

வெள்ளையில் ஒரு புள்ளி

லாட் முடிந்து எல்லாம் மடித்து அடுக்கியிருந்தோம். கேப்டன் சார் வெள்ளிக்கிழமை வந்தார். முதலில் எடுத்தது வெள்ளையில் நீலச் சிலுவை போட்ட கொடி. விரித்தார். கயிறு கட்டுகிற பக்கத்துக் கீழ்மூலையைக் கண்ணுக்குக் கிட்டே கொண்டுபோனார். அங்கே விரல்நுனி அளவுக்கு மஞ்சள்.

இன்னொன்றை விரித்தார். அதிலும் அதே மூலையில், அதே அளவு. சிவப்பிலும் நீலத்திலும் தேடினால்தான் தெரிந்தது. வெள்ளையில் கூப்பிட்டுக் காட்டியது.

"என்ன இது?"

"மஞ்சள் சார். புதுத் துணில்லா" என்றாள் முத்துலட்சுமி. மறைக்கவும் இல்லை, பயப்படவும் இல்லை.

நம் வீடுகளில் புதுத் துணியை மூலையில் மஞ்சள் தொட்டு வைக்காமல் யார் உடுத்துகிறோம்? பிள்ளைக்கு எடுத்த சட்டையானாலும் சரி, கல்யாணப் பட்டானாலும் சரி. கேப்டன் சார் வீட்டிலும் வைத்திருப்பார்கள். முகத்தைப் பார்த்தால் அவருக்கு விஷயம் புரிந்துவிட்டது என்றே தோன்றியது. ஆனால் அவர் பார்க்க வந்தது கொடி.

"கறை கறைதான்" என்றார். "கடல்ல தூரத்துல வெள்ளையும் மஞ்சளும் ஏற்கெனவே மயக்கும். இதை நான் அனுப்ப முடியாது. பெங்களூர்ல பொண்ணு வீட்டுக்குப் போறேன். திங்கக்கிழமை திரும்பறப்ப பார்ப்பேன். அப்பவும் இப்படி இருந்தா ஆர்டரை பம்பாய்க்காரனுக்குக் கொடுக்கச் சொல்லிடுவேன்."

அவர் போன பிறகு முனியம்மா தெலுங்கில் ஆரம்பித்தாள். நானும் சும்மா இருக்கவில்லை. என் குரல் எதிர் சந்து வரை போகும். அன்று மெயின் ரோடு வரை போயிருக்கும்.

"நான் வேலைய விட்டுப் போயிருதேன்க்கா" என்றாள் முத்துலட்சுமி.

"நீ போயிட்டா கறை போயிடுமா? சோப்ப எடுடி."

சோப்புப் போட்டதும் மஞ்சள் புள்ளியெல்லாம் ரத்தச் சிவப்பாகிவிட்டது. மஞ்சளில் சுண்ணாம்பு கலந்து ஆரத்தி கரைப்பவர்கள்தான் நாங்கள் எல்லாரும். மஞ்சளில் சோப்புப் பட்டாலும் சிவக்கும் என்று தெரியாதவள் ஒருத்தியும் இல்லை. பதற்றத்தில் ஒருத்திக்கும் ஞாபகம் வரவில்லை. அலறிக்கொண்டு தண்ணீரில் அலசி அலசி மறுபடி மஞ்சளுக்குக் கொண்டுவந்தோம். மஞ்சளைப் பார்த்து அப்படிச் சந்தோஷப்பட்டது அன்றுதான்.

மிச்சமிருந்த வழி வெயில். மஞ்சள் கறை வெயிலில் கிடந்தால் தானாகப் பறந்துவிடும். குழந்தை துணி துவைத்த யாருக்கும் இது தெரியும். ஆனால் ஓசூரில் ஆடி மாதத்தில் வெயிலுக்கு எங்கே போவது? சனிக்கிழமை முழுக்க வானம் மூடிக் கிடந்தது, நடுநடுவே தூறல் வேறு. எங்கள் ஊர்க் குளுமையைப் பற்றி விருந்தாளிகளிடம் நான் அடித்துக்கொண்ட பெருமையெல்லாம் அன்று என்னைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தது.

"எங்க கெலமங்கலத்துலயும் இப்பிடித்தான் இருண்டு கெடக்குது" என்றாள் முனியம்மா.

கௌரிக்கு ஃபோன் போட்டேன். "இங்க வெயிலு மண்டையப் பொளக்குதுக்கா. வெளிய தலை காட்ட முடியல" என்று அலுத்துக்கொண்டாள். தங்கை அலுத்துக்கொண்டதைக் கேட்டு என் வயிற்றில் பால் வார்த்தது போல இருந்தது.

ஞாயிறு காலையில் கொடிகளையும் பெண்களையும் டெம்போவில் ஏற்றினேன். சூளகிரி தாண்டியதும் முன்கண்ணாடியில் சுள்ளென்று விழுந்தது. "பந்தக்கா பிசிலு" என்று நாகராஜ் கன்னடத்தில் வெயில் வந்துவிட்டதை அறிவித்தான். பின்னால் இருந்த பெண்கள் கைதட்டினார்கள்.

பாறை

வெயில் கிடைத்தது. கூடவே ஆடிக் காற்றும் இருந்தது. முதல் விரிப்பிலேயே நாலைந்து கொடிகள் மாந்தோப்புக்குள் பறந்தன. 'டாக்டர் வேணும்' மரத்தின் உச்சியில் மாட்டிக்கொண்டது. நாகராஜ்தான் ஏறி எடுத்தான். அதற்குப் பிறகு மூலைகளில் கல் வைத்தோம். கறை இருந்த மூலையில் மட்டும் வைக்கக் கூடாது என்று தொண்டை வற்றக் கத்திக்கொண்டிருந்தேன்.

மத்தியானத்துக்குள் புள்ளிகள் வெளிறத் தொடங்கின. முத்துலட்சுமி ஒரு கொடி விடாமல் பார்த்துக்கொண்டே நடந்தாள். தான் வைத்ததைத் தானே அழிய விட்டுக்கொண்டு நடப்பவளிடம் என்ன பேசுவது? வெள்ளிக்கிழமை கத்தியதற்கெல்லாம் சேர்த்து அவளுக்குத் தண்ணீர் மட்டும் கொண்டுபோய்க் கொடுத்தேன். குடித்தாள்.

அப்போது ஃபோன் அடித்தது. கேப்டன் சார். "நான் இன்னிக்கே சென்னைக்குப் போறேன். பஸ் ஓசூர் வந்துட்டிருக்கு. யூனிட் திறந்திருக்கா?"

பொய் சொல்லலாமா என்று ஒரு நிமிஷம் பார்த்தேன். வாயில் வந்தது உண்மைதான். "யூனிட்ல யாரும் இல்ல சார். கிருஷ்ணகிரிகிட்ட ஒரு பாறை மேல இருக்கறோம்."

"வழி சொல்லுங்க" என்றார்.

வெயில் சாயத் தொடங்கிய நேரத்தில் ஆட்டோ வந்து நின்றது. கேப்டன் சார் இறங்கினார், ஆனால் மேலே வரவில்லை. ரோட்டோரமே நின்று பாறையை அந்தக் கோடிக்கும் இந்தக் கோடிக்குமாகப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு மெல்ல ஏறி வந்து, மூச்சு வாங்கிக்கொண்டே சொன்னார்: "மூணாவது வரிசையில ஒண்ணு தலைகீழா கெடக்கு."

திருப்பிப் போட்டோம்.

வரிசையாகப் பார்க்க ஆரம்பித்தார். ஒவ்வொன்றாக எடுப்பார், அந்த மூலையைச் சூரியனுக்கு நேரே பிடிப்பார், கீழே வைப்பார். பெண் பார்க்க வந்தவர்கள் பின்னால் பெண் வீட்டார் போவது போல நாங்கள் அவர் பின்னாலேயே போனோம். முதல் வரிசை சுத்தம். இரண்டாவது சுத்தம். கடைசி வரிசையில், பாதி வெள்ளை பாதி சிவப்பாக இருந்த கொடியைத் தூக்கியபோது அவர் கை நின்றது. யாரோ அவசரத்தில் கறைக்கு மேலேயே கல்லை வைத்திருந்தார்கள். வெயிலே படாமல், வைத்த மஞ்சள் வைத்தபடி இருந்தது.

முனியம்மா தலையில் கை வைத்துக்கொண்டாள்.

கேப்டன் சார் முத்துலட்சுமியைத் திரும்பிப் பார்த்தார். "ஏம்மா வச்சே?"

"எங்க வீட்டு ஆளு கப்பல்ல இருக்காவ சார்" என்றாள். "எந்தக் கடல்ல இருக்காவன்னு எனக்குத் தெரியாது. எந்தக் கொடி எந்தக் கப்பலுக்குப் போவுதுன்னும் தெரியாது. அதான் எல்லாத்துலயும் வச்சேன்."

எனக்கே இது புதுச் செய்தி. கணவன் கப்பலில் என்பது தெரியும். ஒன்றாவது அவன் கப்பலுக்குப் போய்ச் சேரட்டும் என்று ஒருத்தி இத்தனை கொடிக்கும் தனித்தனியாக மஞ்சள் தொட்டு வைத்திருப்பாள் என்று எனக்குத் தோன்றவே இல்லை. அங்கேயே அவளைக் கட்டிக்கொள்ளலாம் போல இருந்தது.

"இப்ப எல்லாம் அழிஞ்சுபோச்சே" என்றார் அவர்.

"அழிஞ்சா என்ன சார்? ஒருத்தர் கண்ணுல படணும்னா வச்சேன்? வச்சது வச்சதுதான்."

ஆயுசு முழுக்க அடுத்தவர் கண்ணில் படுவதற்காகவே கொடி ஏற்றியவர் கேப்டன் சார். கர்ச்சீப்பை எடுத்துப் பாறையில் விரித்து, மடிப்புக் கலையாத அந்தப் பேன்ட்டோடு உட்கார்ந்தார். கொடியின் அந்த மூலையை மட்டும் இரண்டு கையாலும் இழுத்துப் பிடித்துச் சூரியனுக்குக் காட்டினார். சூரியன் நகர நகர அவரும் கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பிக்கொண்டார்.

கௌரி மோர் கொண்டுவந்தாள். ஒரு கையை எடுத்துக் குடித்துவிட்டு மறுபடி பிடித்துக்கொண்டார். சென்னை பஸ் ஒன்று கீழே போனது. பின்னால் இன்னொன்றும் போனது.

மலைக்குப் பின்னால் வெயில் இறங்கும்போது எழுந்தார். மூலையைப் பார்த்தார். என்னிடம் காட்டவில்லை. கொடியை நாலாக மடித்து முத்துலட்சுமி கையில் கொடுத்தார்.

"அடுத்த லாட்டுக்கு ஒரு வாரம் முன்னாடியே வச்சிரும்மா. கடைசி நேரத்துல வச்சா வெயில் பத்தல."

அடுத்த லாட் என்று அவர் சொன்னது எனக்கு உறைக்கவே கொஞ்ச நேரமானது. முனியம்மாவுக்கு உடனே உறைத்துவிட்டது. சூடான பாறை என்றும் பார்க்காமல் உட்கார்ந்து அழ ஆரம்பித்தாள். முத்துலட்சுமி அழவில்லை. கொடியை மார்போடு வைத்துக்கொண்டு, "சரி சார்" என்றாள்.